அமரிக்கை என்று பெயர் வாங்கியவன்

தம்பி, கை கழுவி, சாப்பிட்டு முடித்த பிறகு இதைப் படி. பசியோடு படிக்கிற கடிதம் இல்லை இது. நீ முதல் ஷிப்டுக்குக் கிளம்பிப் போன பிறகு, சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து எழுதுகிறேன். ஒரே வீட்டில் இருந்துகொண்டு மகனுக்குக் கடிதம் எழுதுவது வேடிக்கையாகத்தான் இருக்கிறது. நேரில் சொல்ல நான்கு தடவை முயன்றேன். நான்கு தடவையும் "சாப்ட்டியாப்பா" என்று கேட்டுவிட்டு எழுந்து போய்விட்டேன். நீயும் கவனித்திருப்பாய்.

போன வாரம் நீ ஒரு சொல்லுக்குப் பொருள் கேட்டாய். "அமரிக்கைன்னா கரெக்டா என்னப்பா அர்த்தம்? எங்கேர்ந்து வந்த வார்த்தைன்னு மலர் கேக்குறா" என்றாய். உனக்கு நிச்சயமாகியிருக்கும் பெண் அப்படிக் கேட்டாள் என்பது எனக்குச் சந்தோஷமாக இருந்தது. பெண் பார்க்கப் போன அன்று அவளுடைய தாய்மாமன் அந்தச் சொல்லை என்மேல் போட்டார். அதுதான் அவள் காதில் தங்கியிருக்கிறது. பார்த்துச் சொல்கிறேன் என்றேன். பார்த்தேன். சொல்லைப் பார்க்கப் போன இடத்தில் வேறொன்றையும் பார்க்க வேண்டியதாயிற்று. அதை விட்டுவிட்டுப் பொருளை மட்டும் எழுதினால் அது அரைப் பதிலாக இருக்கும். வரும் திங்கட்கிழமை மலர்விழி, ஆறு வருடமாகப் பார்த்துவரும் வேலையை விடுவதாக எழுதிக் கொடுக்கப் போகிறாள். அந்தக் காகிதத்தை அவள் கொடுப்பதற்கு முன், நீ இன்னும் கான்ட்ராக்டில்தான் இருக்கிறாய், பெர்மனென்ட் ஆகவில்லை என்பது அவளுக்குத் தெரிந்தாக வேண்டும். நாம் சொல்லவில்லை. பொய்யும் சொல்லவில்லை என்று நீ சொல்வாய். அதற்கு வருகிறேன். முதலில் நீ கேட்டது.

அமர் என்பதுதான் வேர். அமர்தல் என்றால் உட்கார்தல், தங்குதல், அடங்கி நிலைத்தல். பழைய நூல்களில் விருப்பம் என்ற பொருளிலும் போர் என்ற பொருளிலும்கூட அமர் வருகிறது. அவையெல்லாம் ஒரே வேரா, ஒலியில் மட்டும் ஒத்துப்போகின்றனவா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. தெரியாத இடத்தில் நிறுத்திக்கொள்கிறேன். நம்பு நம்பிக்கை ஆனதுபோல, கோரு கோரிக்கை ஆனதுபோல, அமர் அமரிக்கை ஆகியிருக்கிறது. எழுத்தில் அதிகம் காண முடியாத சொல். பேச்சில் வரும், அதுவும் ஒருவரைப் பற்றி நல்லதாகச் சொல்லும்போதுதான் வரும். "அமரிக்கையான பொண்ணு" என்பார்கள். "அமரிக்கையா நாலு வார்த்தை சொன்னாரு" என்பார்கள். திட்டுவதற்கு யாரும் அந்தச் சொல்லை எடுத்து நான் கேட்டதில்லை. அதற்கு உம்மணாமூஞ்சி, வாயில்லாப்பூச்சி என்று வேறு சொற்கள் இருக்கின்றன.

உட்கார்வதிலிருந்து பேச்சின் அடக்கத்துக்கு அந்தச் சொல் எப்படி வந்து சேர்ந்தது என்பது பற்றி எனக்கு ஓர் ஊகம் உண்டு. புலவர்கள் ஒப்புக்கொள்வார்களா தெரியாது. என் வேலையிலிருந்து வந்த ஊகம். முப்பத்து மூன்று வருடம் நான் செய்தது, சுரங்கத்தைச் சுற்றியிருக்கும் ஆழ்துளைக் கிணறுகளில் அளவு நாடாவை இறக்கி நீர்மட்டம் பார்த்து எழுதும் வேலை. பம்பு ஓடிக்கொண்டிருக்கும்போது ஒரு மட்டம் இருக்கும். நிறுத்தியதும் தண்ணீர் மெல்ல ஏறும். ஏறி அமர்கிற வரைக்கும் பொறுத்திருந்து அளக்க வேண்டும். அவசரப்பட்டால் கிடைப்பது தப்பான அளவு. மனத்தில் எழுந்ததை அப்போதே கொட்டிவிடாமல், அது ஏறி நிலைக்கிற வரைக்கும் பொறுத்து, பிறகு எவ்வளவோ அவ்வளவைச் சொல்வதுதான் அமரிக்கை என்று நினைக்கிறேன். கடைசியில் சொல்வது என்ற ஒன்று அதில் உண்டு. கிணற்றடியில் ஒரு மணி நேரம் பொறுமையாக நின்றுவிட்டு, அளவை எழுதாமல் திரும்பி வருகிறவனை யாரும் நிதானமானவன் என்று சொல்ல மாட்டார்கள். அவன் அன்றைக்கு வேலைக்கு வராதவன்.

இதை எழுதிய பிறகு, இந்தக் கணக்கில் நான் எங்கே நிற்கிறேன் என்று பார்த்தேன். முதல் நாள் அங்கேதான் பேனாவை மூடி வைத்தேன்.

என் மேல் இந்தப் பெயர் எப்படி விழுந்தது என்று உனக்குத் தெரியாது. சுரங்கத்தில் வேலை செய்பவர்கள் குடியிருக்கும் நம் டவுன்ஷிப்பில் அப்போது ஒரு வழக்கம் இருந்தது, இப்போதும் இருக்கிறது. எல்லா மாவட்டத்திலிருந்தும் வந்து குடியேறியவர்கள் நாம். யாருடைய தாத்தா யார், யாருடைய குடும்பம் எப்படி என்று சொல்ல ஊர்ப்பெரியவர் எவரும் கிடையாது. ஆகவே ஒரு பையனுக்கோ பெண்ணுக்கோ வரன் வந்தால், விசாரிக்க வருகிறவர்கள் பக்கத்துக் குவார்ட்டர்ஸ் கதவைத் தட்டுவார்கள். இரண்டு வீட்டுக்கு நடுவில் ஒரே சுவர். அந்தச் சுவருக்கு இந்தப் பக்கம் இருப்பவனுக்குத் தெரியாதது எதுவும் இருக்காது என்று அவர்களுக்குத் தெரியும். அப்படி வருகிறவர்களிடம் நான் குறைவாகவே பேசுவேன். யாரைப் பற்றியும் குறை சொன்னதில்லை. "அந்த வீட்டு சாரு அமரிக்கையானவரு, அவருகிட்டயே கேளுங்க" என்று பிளாக் முழுக்க ஒரு பேச்சு உண்டாகிவிட்டது. எனக்கு உள்ளூரப் பெருமை. பேசப் பயப்படுகிறவனுக்கு ஊரே கூடி ஒரு நல்ல பெயர் வைத்தால் அவன் அதை வேண்டாம் என்று சொல்வானா?

நீ ஆறாம் வகுப்புப் படித்த வருடம். நம் சுவருக்கு அந்தப் பக்கம் தனபால் இருந்தார், என் கூடவே வேலை பார்த்தவர். அவருக்கு ரவி என்று ஒரு மகன். அவனுக்குப் பெண் கொடுக்கலாமா என்று கேட்டுக்கொண்டு சேத்தியாத்தோப்புப் பக்கத்திலிருந்து ஒரு விவசாயி வந்தார். வெள்ளை வேட்டியின் ஓரத்தில் செம்மண். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார்.

"சார், பக்கத்து வூட்டு பையனுக்கு எங்க பொண்ணக் கேக்குறாங்க. நீங்க எத்தினியோ வருசமா பாத்துகினு இருக்கீங்களாமே. பையன் எப்படிங்க?"

அந்த வருடத்தில் மட்டும் ரவி குடித்துவிட்டு வந்து தன் தாயை அடித்ததை இரண்டு தடவை நான் அந்தச் சுவர் வழியாகக் கேட்டிருக்கிறேன். அவரிடம் நான் சொன்னது இது: "தனபால் நல்ல மனுஷருங்க. எங்ககூட நல்லாப் பழகுவாங்க."

"சரிங்க. பையன்?"

"பையன்கிட்ட நான் அதிகமாப் பேசினதில்லைங்க."

அவர் என் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு சிரித்தார். "புரியுதுங்க. ஒங்களப் பத்தி சொன்னாங்க, அமரிக்கையானவருன்னு. கொற இருந்தா ஒரு வார்த்த சொல்லாம வுட்ருவீங்களா நீங்க? இது போதுங்க எனக்கு" என்று மோரைக் குடித்துவிட்டு, கும்பிட்டுவிட்டுப் போனார். அவர் கேட்டைத் தாண்டுவதற்குள் உன் அம்மா சமையலறையிலிருந்து வந்துவிட்டாள். "ஏங்க, வாயில என்ன கொழுக்கட்டையா வெச்சிருந்தீங்க? அந்த ஆளு எவ்ளோ நம்பிப் போறாரு பாருங்க" என்றாள். "நான் ஒண்ணும் பொய் சொல்லலியே" என்றேன். அன்று நான் சொன்னதை அப்படியே எழுதியிருக்கிறேன்.

கல்யாணம் நடந்தது. செல்வி என்று பெயர் அந்தப் பெண்ணுக்கு. இரண்டு மாதம் சுவர் அமைதியாக இருந்தது. பிறகு ஆரம்பித்தது. நான் என்ன செய்தேன் தெரியுமா? அந்தச் சுவரை ஒட்டிப் போட்டிருந்த கட்டிலை நகர்த்தி எதிர்ப்பக்கத்து அறையில் போட்டேன். அங்கே காற்று நன்றாக வருகிறது என்று உன் அம்மாவிடம் சொன்னேன். அவள் ஒன்றும் சொல்லாமல் தலையணைகளை எடுத்துக்கொண்டு வந்தாள். இதுவரை எனக்கு அவள் கொடுத்த அடிகளில் பெரியது அந்தப் பேசாமைதான்.

ஒரு நாள் காலையில் நான் வேலியோரம் முருங்கைக்கீரை ஒடித்துக்கொண்டிருந்தேன். செல்வி அந்தப் பக்கம் துணி காயப்போட வந்தாள். மாசமாக இருந்தாள். கன்னத்தில் ஒரு பக்கம் வீங்கியிருந்தது.

"மாமா, கல்யாணத்துக்கு முன்னாடி எங்கப்பா ஒங்ககிட்டதான் கேட்டாராமே?"

"ஆமாம்மா."

"நல்ல எடம்னு சொன்னீங்களா?"

"நான் அப்படிச் சொல்லலம்மா."

"அப்ப இன்னா சொன்னீங்க?"

கீரைக் கொத்தைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவள் காத்திருந்தாள். அவசரப்படவில்லை, கோபப்படவில்லை, உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்பவள்போலக் காத்திருந்தாள். கடைசியில், "ம்… அன்னிக்கும் இதேதான் சொல்லியிருப்பீங்க" என்று சொல்லிவிட்டுத் துணியை உதறிக் கொடியில் போட்டாள். அந்த வருடக் கடைசியில் கைக்குழந்தையோடு தன் அப்பா வீட்டுக்குப் போனாள். திரும்பி வரவில்லை. அதற்குப் பிறகு அவள் எப்படி இருக்கிறாள் என்று நான் விசாரிக்கவில்லை. விசாரித்திருக்கலாம். சேத்தியாத்தோப்பு என்ன தூரமா? பஸ் ஏறினால் போய்விடலாம். நான் போகவில்லை என்பதையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

இதை ஏன் உன்னிடம் இத்தனை வருடம் சொல்லவில்லை என்று கேட்பாய். சொல்லாததோடு நிற்கவில்லை, அதே குணத்தை உனக்கு நல்ல குணம் என்று ஊட்டி வளர்த்தேன். அதே வருடம்தான் என்று நினைக்கிறேன், பள்ளிக்கூடத்தில் யாரோ குடிதண்ணீர்த் தொட்டியின் குழாயைத் திறந்துவிட்டுப் போய்விட்டார்கள். பழி உன்மேல் விழுந்தது. நீ அன்று மத்தியானம் நூலகத்தில் இருந்தாய். அதைச் சொல்லியிருந்தால் முடிந்தது. நீ சொல்லவில்லை. ஒரு வாரம் வகுப்புக்கு வெளியே நின்றாய். வேறொரு பையன் ஒப்புக்கொண்ட பிறகுதான் எனக்கு விஷயமே தெரிந்தது. நான் என்ன செய்திருக்க வேண்டும்? உன்னைப் பக்கத்தில் உட்காரவைத்து, ஏன்டா வாயைத் திறக்கவில்லை, பயமா என்று கேட்டிருக்க வேண்டும். நான் வீட்டுக்கு வந்தவர்களிடமெல்லாம் பெருமையாகச் சொன்னேன்: "ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசலையே, என்ன அமரிக்கை பாருங்க." நீ கதவோரம் நின்று அதைக் கேட்டாய். உன் முகம் மலர்ந்ததை நான் பார்த்தேன். பயத்துக்கு நல்ல பெயர் வைத்து உன் கையில் கொடுத்தவன் நான்தான்.

இனி மலரின் ஊர் குறிஞ்சிப்பாடிக்கு வருகிறேன். பெண் பார்க்கப் போன அன்று என்ன நடந்தது என்று நாம் மூவரும் ஒருவரோடொருவர் பேசிக்கொள்ளவே இல்லை. ஆகவே என் நினைவில் இருப்பதை வரிசையாக எழுதுகிறேன். தப்பிருந்தால் திருத்து. கூடத்தில் நாம் இருவரும் உட்கார்ந்திருந்தோம். உன் அம்மா உள்ளே பெண்களோடு இருந்தாள். மலரின் அப்பா, உரக்கடையை மத்தியானத்தோடு மூடிவிட்டு வந்தவர், எதிரில். பக்கத்தில் தாய்மாமன். முதலில் உன் படிப்பைக் கேட்டார்கள், சொன்னாய். "மைன்ஸ்லதானே வேல?" என்று கேட்டார்கள், ஆமாம் என்றாய். பிறகு மலரின் அப்பா உன்னை விட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"சார், தம்பி பெர்மனென்ட் ஆயிட்டாருங்களா?"

எனக்கு முன்னால் தட்டில் கேசரி இருந்தது. நான் அதைப் பார்த்தேன். நீ என்னைப் பார்த்தாய். இல்லைங்க, கான்ட்ராக்ட்தான், எட்டு வருடமாகிறது. இந்த நான்கு சொற்கள் என் நாக்கில் இருந்தன. கூடவே, இதற்கு முன் தட்டிப்போன மூன்று இடங்களும் நினைவில் இருந்தன. கான்ட்ராக்ட் என்ற சொல்லைக் கேட்டதும் காப்பியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தவர்கள் உண்டு. அந்த நேரத்தில் தாய்மாமன் குறுக்கே விழுந்தார்.

"இன்னா மாமா நீ, அவரப் போயி கேட்டுகினு! அமரிக்கையான மனுசன்னு டவுன்ஷிப்பே சொல்லுது. எம்புள்ள பெர்மனென்ட்டுன்னு தண்டோரா போட்டுகினு வருவாரா? நீங்க கேசரி சாப்புடுங்க சார். ஆறிப் போனா எங்கக்கா என்ன ஒதைக்கும்."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நான் தலை குனிந்தது அடக்கத்தினால் என்று அவர்கள் எடுத்துக்கொண்டார்கள். உள்ளேயிருந்து மலரின் அம்மா, "குவார்ட்டர்ஸு வந்ததும் எனக்கு ரெண்டு செம்பருத்தி வெக்க எடம் குடுடி" என்று மகளைச் சீண்டியது கூடம்வரை கேட்டது. சேத்தியாத்தோப்பிலிருந்து வந்தவருக்குச் செய்ததை, வேறொரு வீட்டில், வேறொரு பெண்ணின் அப்பாவுக்கு மறுபடியும் செய்துவிட்டேன். அன்றைக்காவது பக்கத்து வீட்டுக்காரர் மகனுக்காக. இன்றைக்கு என் மகனுக்காக.

திரும்பி வரும்போது பஸ்ஸில் நீ ஜன்னல் பக்கம் உட்கார்ந்திருந்தாய். வடலூர் தாண்டிய பிறகு, நான் எதுவும் கேட்காமலே, "நான் ஒண்ணும் பொய் சொல்லலியேப்பா" என்றாய். அந்தச் சொற்கள் எங்கிருந்து வந்தன என்று கண்டுபிடிக்க எனக்கு அகராதி தேவைப்படவில்லை.

பிறகு கல்யாணப் பத்திரிகையின் மாதிரி வந்தது. உன் பெயருக்குக் கீழே டெக்னீஷியன் என்று போட்டு, அதற்கும் கீழே நிறுவனத்தின் பெயரைப் போட்டிருந்தார்கள். நீ வேலை செய்வது அந்த நிறுவனத்தின் நிலக்கரி கொண்டுபோகும் பெல்ட்டில்தான், ஆனால் சம்பளம் தருவது கான்ட்ராக்டர். நீ படித்துப் பார்த்தாய். "எழுத்துப் பிழை ஒண்ணும் இல்லப்பா" என்று என்னிடம் நீட்டிவிட்டுக் குளிக்கப் போனாய். நானும் எழுத்துப் பிழை மட்டும் பார்த்தேன். பெண் வீட்டில் உண்மையைச் சொல்லிவிடலாம் என்று உன் அம்மாவிடம் சொல்லிப் பார்த்தேன். "பெர்மனென்ட் லிஸ்ட்ல பேரு இருக்குன்னு சொல்றாங்க இல்ல? இன்னிக்கோ நாளைக்கோ ஆயிடுவான். அப்பறம் எது பொய்? நீங்க பாட்டுக்கு வாயத் தொறந்து இதையும் கெடுத்துடாதீங்க" என்றாள். வாழ்நாள் முழுக்க வாயைத் திற, திற என்று என்னை நச்சரித்தவள் அவள். இப்போது மூடச் சொல்கிறாள். உனக்கு முப்பத்தொரு வயதாகிறது என்ற கவலை அவளை அப்படிப் பேச வைக்கிறது. அவள்மேல் எனக்குக் கோபமில்லை.

புதன்கிழமை நீதான் சொன்னாய், மலர் திங்கட்கிழமை லேபில் எழுதிக் கொடுக்கப் போகிறாளாம் என்று. வடலூரில் ரத்தப் பரிசோதனை செய்யும் இடத்தில் வேலை. ஒரு மாதம் முன்பே சொல்ல வேண்டுமாம். பெர்மனென்ட் மாப்பிள்ளை, குவார்ட்டர்ஸ் வேறு, இனி எதற்கு வேலை என்று அவள் வீட்டில் முடிவு செய்திருக்கிறார்கள். நீ சாதாரணமாகச் சொல்லிவிட்டு ரசம் ஊற்றச் சொன்னாய். நம் பேசாமை இதுவரை நம்மோடு இருந்தது. இப்போது ஒரு பெண்ணின் கையிலிருக்கிற வேலையை வாங்கிக் கீழே போடப் போகிறது. அன்று இரவுச் சாப்பாட்டில் எனக்கு ருசி தெரியவில்லை. மறுநாள் இந்தக் கடிதத்தை ஆரம்பித்தேன்.

இடையில் உனக்கு ஒன்று சொல்ல வேண்டும். கூடத்தில் நான் பேசாமல் உட்கார்ந்தபோது, நீ என்னைப் பார்த்தாய் என்று எழுதினேன். அந்தப் பார்வையைப் பல தடவை யோசித்துப் பார்த்துவிட்டேன். என் வேலையைச் சொல்ல அப்பாவுக்கு வெட்கம் என்று நீ நினைத்திருப்பாயோ என்று தோன்றுகிறது. அப்படி நினைத்திருந்தால் அது தப்பு, ஆனால் உன் தப்பு இல்லை. பேசாதவன் மனத்தில் இருப்பதை அடுத்தவன் தனக்குத் தெரிந்தபடிதான் நிரப்பிக்கொள்வான். சித்திரை வெயிலில் பெல்ட் மேல் ஏறி நீ ரோலர் மாற்றுவதை நான் ஒரு தடவை பார்த்திருக்கிறேன். பணி ஓய்வுக்குப் பிறகு ஒரு கையெழுத்துக்காகச் சுரங்கத்துக்குள்ளே போயிருந்த நாள் அது. உன்னைக் கூப்பிடவில்லை. நின்று பார்த்துவிட்டு வந்துவிட்டேன். அந்த வேலையை என்னால் ஒரு நாள் செய்திருக்க முடியாது. இதை அன்று மாலையே உன்னிடம் சொல்லியிருக்க வேண்டும்.

இதுவரை எழுதியது நேற்று வரைக்கும். உன்னிடம் கொடுத்து, நீயே போய்ச் சொல் என்று கேட்பதாகத்தான் இருந்தேன். இன்று விடியற்காலையில் நீ ஷூ மாட்டிக்கொண்டு கிளம்பும்போது கடிதம் என் சட்டைப் பையில் இருந்தது. "பாத்துப் போ" என்றேன். அவ்வளவுதான் வந்தது. நாளை ஞாயிறு, அதற்கடுத்த நாள் திங்கள். என்னை எனக்குத் தெரியும். ஆகவே ஏழே காலுக்குக் குறிஞ்சிப்பாடி பஸ் ஏறிவிட்டேன்.

மலர் சாப்பாட்டுப் பையோடு வாசலில் செருப்புப் போட்டுக்கொண்டிருந்தாள். அவள் அப்பா, "வாங்க சம்பந்தி! ஒரு போனு போட்டிருந்தா வண்டி எடுத்துகினு வந்திருப்பனே" என்று எழுந்தார். சொல்ல வேண்டியதை ஒரு துண்டுச்சீட்டில் நான்கு வரியாக எழுதி எடுத்துப் போயிருந்தேன். அதைப் பிரிக்கவில்லை. உட்காரவும் இல்லை, உட்கார்ந்தால் காப்பி வரும், காப்பி வந்தால் நான் திரும்பிவிடுவேன். "பாப்பாவும் இருக்கட்டுங்க" என்றேன். பிறகு சொன்னேன்: "என் பையன் பெர்மனென்ட் இல்லைங்க. எட்டு வருஷமா கான்ட்ராக்ட்ல இருக்கான். ஆவானான்னு எனக்குத் தெரியாது. குவார்ட்டர்ஸ் கிடைக்காது. அன்னைக்கு நீங்க கேட்டப்பவே நான் சொல்லியிருக்கணும்."

அவர் முகம் மாறியதை என்னால் இனி மறக்க முடியாது. "ஏங்க, ஒங்க மூஞ்சிய நேராப் பாத்துதான கேட்டேன்? ஒரு 'இல்ல'. ஒரே ஒரு 'இல்ல' சொல்றதுக்கு இத்தினி நாளாச்சா ஒங்களுக்கு?"

"ஆமாங்க" என்றேன்.

"எங்க மச்சான் ஒளறினான்னே வையுங்க. நீங்க சிரிச்சீங்களே சார், கூடச் சேர்ந்து! ஊரு பூரா சொல்லிகினு வந்துட்டேன் நானு."

உள்ளே மலரின் அம்மா அழ ஆரம்பித்துவிட்டார். மலர் அழவில்லை. ஒரு காலில் செருப்போடு படியில் நின்றபடியே கேட்டாள்.

"மாமா, அவருதான் ஒங்கள அனுப்சாரா?"

"இல்லம்மா. நான் வந்தது அவனுக்குத் தெரியாது."

"அப்ப அவரு எப்ப சொல்றதா இருந்தாரு?"

"எனக்குத் தெரியாதும்மா. அதை அவன்தான் சொல்லணும்."

அவள் அப்பா, "நீ உள்ள போ, நான் பேசிக்கிறேன்" என்றார். "இருப்பா" என்றாள். குரல் உயரவில்லை. "கான்ட்ராக்ட்டுன்றதுக்காக ஒண்ணும் இல்ல மாமா. நான் வேல பாக்கறதும் டெம்பரரிதான். தெனம் போன்ல பேசறாரு. இன்னா சாப்ட்டேன்னு கேக்கறாரு, இன்னா கலரு பொடவன்னு கேக்கறாரு. இத மட்டும் பேசல. அதான் எனக்குப் புரியல." இன்னொரு செருப்பையும் போட்டுக்கொண்டாள். "திங்கக்கெழம நான் எழுதிக் குடுக்கல. இன்னிக்கி அஞ்சரைக்கு டூட்டி முடியும். வடலூர் பஸ் ஸ்டாண்டுல நிப்பேன். அவரு வந்து அவரு வாயால சொல்லட்டும். கேட்டுட்டு, கல்யாணமா இல்லியான்னு நான் சொல்றேன். போன்ல வேணாம்னு சொல்லிடுங்க."

நடந்தது இவ்வளவுதான். கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. அவள் அப்பா வேண்டாம் என்ற முடிவில்தான் இருக்கிறார் என்று எனக்குப் பட்டது. உன் அம்மா நான் வீடு திரும்பியதிலிருந்து என்னோடு பேசவில்லை. உன்னைக் கேட்காமல் போனது சரியா என்று எனக்கே தெளிவில்லை. நீ முதலில் சொல்லியிருக்க வேண்டிய இடத்தில் நான் முந்திக்கொண்டேன். அதற்காக நீ என்னைத் திட்டலாம், திட்டினால் பதில் சொல்கிறேன், எழுந்து போக மாட்டேன். ஆனால் நான் அங்கே சொன்னது என் வாயிலிருந்து வர வேண்டியிருந்த 'இல்லை'யை மட்டும்தான். உன்னுடையது இன்னும் உன்னிடமே இருக்கிறது.

இப்போது மணி ஒன்று ஆகிறது. நீ இரண்டரைக்கு வருவாய். வண்டியில் பெட்ரோல் போட்டு வைத்திருக்கிறேன். ஐந்து மணிக்குக் கிளம்பினால் போதும். நான் கூட வரவில்லை. வந்தால் நீ என் முகத்தைப் பார்ப்பாய், நான் தரையைப் பார்ப்பேன், அந்தப் பெண் மறுபடியும் இரண்டு ஊமைகளுக்கு முன்னால் நிற்க வேண்டியிருக்கும். என்ன பேச வேண்டும் என்றும் உனக்கு எழுதித் தரவில்லை. பயந்துகொண்டே பேசினாலும் பேச்சுதான் என்று மட்டும் இன்று காலையில் தெரிந்துகொண்டேன். அவள் வேண்டாம் என்று சொன்னால் அதையும் முழுக்க நின்று கேட்டுவிட்டு வா.

குளித்துச் சட்டை மாற்றிக்கொள்ள நேரம் இருக்கிறது. மாற்றாமல், கான்ட்ராக்டர் பெயர் போட்ட அந்தச் சட்டையிலேயே போனாலும் எனக்கு அதில் வெட்கம் ஒன்றும் இல்லை.